கூண்டேறிய தமிழ்

எழுத்தறியாதவர் ஏடு போலப் பேசக் கேட்டதுண்டா, தோழர்களே? நாம் கேட்டோம். பழவேற்காடு ஏரிக்கரையில், கவிழ்த்துப் போட்ட படகின் நிழலில் அமர்ந்து, அறுந்த வலைக் கண்களை முடிந்துகொண்டே, எண்பதைக் கடந்த மீனவப் பெரியவர் ஒருவர் 'பராசக்தி' படத்தின் நீதிமன்றக் காட்சியைத் தொடக்கம் முதல் முடிவு வரை சொல்லி முடித்தார். நாளெல்லாம் 'வாயப்பயம்' என்றும் 'கெயங்கு' என்றும் பேசும் அந்த வாயில், குணசேகரனின் வழக்குரை வந்தபோது ழகரம் ழகரமாகவே ஒலித்தது. வல்லினம் இடித்தது; மெல்லினம் குழைந்தது. வகுப்பறையில் ஓராண்டு முயன்றும் நாம் பிள்ளைகளிடம் பெற முடியாத உச்சரிப்பு அது.

"எங்கே படித்தீர்கள், ஐயா?" என்று கேட்டோம்.

"படிச்சேனா? எனக்கு 'அ'னா தெரியாது, வாத்தியாரே. எல்லாம் காதால வந்தது" என்றார்.

படம் வெளிவந்த 1952ஆம் ஆண்டில் அவர் பன்னிரண்டு வயதுச் சிறுவர். படத்தைப் பார்க்கும் முன்பே வசனத்தைக் கேட்டுவிட்டாராம். விறகும் உப்பும் ஏற்றிக்கொண்டு பக்கிங்காம் கால்வாய் வழியே சென்னைக்குப் படகுகள் போய் வந்த காலம். படகுக்காரர் ஒருவர் வசனப் புத்தகத்தை வாங்கி வந்தார். எழுத்துக் கூட்டத் தெரிந்த இளைஞர் ஒருவர் அரிக்கேன் விளக்கடியில் அதைப் படித்தார். குப்பமே சுற்றி அமர்ந்து கேட்டது. பிறகுதான் பொன்னேரிப் பக்கம் வந்த டூரிங் கொட்டகையில் மணல் குவித்து அமர்ந்து படம் பார்த்தது எல்லாம்.

ஒரு திரைக்கதை ஆசிரியரின் வரலாற்றை எழுதப் புகுவோர் அவர் எழுதிய படங்களின் பட்டியலிலிருந்து தொடங்குவது வழக்கம். நாம் இந்தப் பெரியவரின் காதிலிருந்து தொடங்குகிறோம். ஏனெனில் மு. கருணாநிதி என்னும் எழுத்தாளர் ஏறத்தாழ 75 படங்களுக்கு எழுதியபோது, அவற்றைப் படித்தவர்களைக் காட்டிலும் கேட்டவர்களே பன்மடங்கு மிகுதி. அவர்களுள் பெரும்பாலோர் பள்ளியின் படிக்கட்டை மிதிக்க விடப்படாதவர்கள்.

தமிழ்த் திரை பேசத் தொடங்கியது 1931இல். பேசியதா? பாடியது என்று சொல்வதே பொருந்தும். முனிவர் பாடுவார், மன்னன் பாடுவான், மரணப் படுக்கையில் கிடப்பவனும் இராகம் தவறாமல் பாடுவான். இடையிடையே பேச வேண்டி வந்தால், "பிராணநாதா", "சுவாமி", "ஸ்திரீ தர்மம்" என்று வடமொழி வாடை வீசும். அக்கிரகாரத்துப் பேச்சே ஆண்டவனின் பேச்சு, அரசனின் பேச்சு என்றாயிற்று. குப்பத்தான் திரையில் வந்தால் கொச்சை பேசிச் சிரிப்பூட்ட வருவான். அவன் சிந்திப்பதாக எவரும் எழுதியதில்லை.

இந்தக் கட்டை முதலில் அவிழ்த்தவர் இளங்கோவன். 1937இல் 'அம்பிகாபதி'யிலும் 1942இல் 'கண்ணகி'யிலும் அவர் எழுதிய உரைநடையைக் கேட்டபோதுதான், செந்தமிழைப் பாடாமல் பேசினாலும் கொட்டகை நிறையும் என்று முதலாளிகளுக்குப் புரிந்தது. அடுத்து அறிஞர் அண்ணா 1949இல் 'நல்லதம்பி', 'வேலைக்காரி' ஆகிய இரண்டையும் தந்தார். இளங்கோவன் மொழியை மீட்டார். அண்ணா அதற்கு வேலை கொடுத்தார். மன்னனும் மாதவியும் பேசிய தமிழை, வட்டிக்குக் கொடுக்கும் ஜமீன்தாரின் வாசலில் நின்று பேச வைத்தார்.

இந்த இருவருக்கும் அடுத்து வந்தவர்தாம் திருக்குவளையில் 1924 ஜூன் 3ஆம் நாள் பிறந்த கருணாநிதி. பள்ளி இறுதித் தேர்வில் தேறாதவர். கையெழுத்து ஏடு நடத்தியவர். நாடகம் எழுதி நடித்தவர். ஈரோட்டில் பெரியாரின் 'குடிஅரசு' அலுவலகத்தில் துணை ஆசிரியராக இருந்தவர். அங்கிருந்து கோவைக்குச் சென்று ஜூபிடர் நிறுவனத்தில் சேர்ந்தார். 1947இல் வெளிவந்த 'ராஜகுமாரி'க்கு அவர் வசனம் எழுதினார். அது எம்.ஜி.ஆர். கதைத் தலைவனாக நடித்த முதற்படமும் ஆகும். எழுத்துப் பட்டியலில் இயக்குநர் ஏ.எஸ்.ஏ. சாமியின் பெயருக்குப் பின்னால், உதவியாளர் என்ற அளவில் இவர் பெயர் வந்தது. மறு ஆண்டு 'அபிமன்யு'. எழுதிய கை இவருடையது; திரையில் பெயர் இல்லை. படத்தைக் காண ஆவலோடு சென்றவர் தம் பெயரைத் தேடி ஏமாந்து, ஊருக்குத் திரும்பினார்.

இதை ஒரு தனிமனிதரின் மனக்குறை என்று தள்ளிவிட வேண்டாம். நெய்தவன் பெயர் துணியில் இல்லை. கட்டியவன் பெயர் கோபுரத்தில் இல்லை. இந்த நாட்டில் உழைப்புக்குப் பெயர் போடும் வழக்கமே இருந்ததில்லை. பழவேற்காட்டில் டச்சுக்காரர் 1613இல் கட்டிய கெல்ட்ரியா கோட்டையின் எச்சமும் அருகில் அவர்களின் கல்லறைத் தோட்டமும் இன்றும் உண்டு. அழகான எழுத்தில் வணிகர்களின் பெயர்களைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். அதே துறையிலிருந்து அந்த நூற்றாண்டில் பத்தாவியாவுக்கு அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்ட தமிழரின் பெயர் எந்தக் கல்லில் இருக்கிறது? பெயர் இல்லாதிருப்பது எத்தகையது என்பதை அறிந்த மக்களுக்காக எழுத வந்தவருக்குத் தொழிலின் தொடக்கத்திலேயே அந்தப் பாடம் கிடைத்தது என்போம்.

ஆனால் மூன்றே ஆண்டுகளில் நிலை தலைகீழாயிற்று. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், அவருடைய நாடகமான 'மந்திரி குமாரி'யை 1950இல் படமாக்கியது. குண்டலகேசிக் கதையின் ஒரு நிகழ்ச்சியே அதன் கரு. கொள்ளைக்காரனான கணவன் தன்னை மலையுச்சியிலிருந்து தள்ள அழைத்து வந்தான் என்று அறிந்த பெண், அவனை வலம் வருவது போல் வந்து, அவனையே தள்ளிவிடுகிறாள். 'கல்லானாலும் கணவன்' என்று காலமெல்லாம் கேட்டுப் பழகிய கொட்டகை அந்தக் கட்டத்தில் கைதட்டியது. இராசகுரு என்னும் பெயரில் சூழ்ச்சிக்காரன் ஒருவனையும் அதில் உலவவிட்டார். குரு என்றால் கும்பிட வேண்டும் என்பதை மாற்றி, குருவையும் கூர்ந்து பார்க்க வேண்டும் என்று சொன்ன படம் அது.

பிறகு, 1952 தீபாவளிக்கு வந்தது 'பராசக்தி'. பாவலர் பாலசுந்தரத்தின் நாடகம், பி.ஏ. பெருமாளின் நேஷனல் பிக்சர்சும் ஏ.வி.எம்.மும் சேர்ந்து எடுத்த படம், கிருஷ்ணன்–பஞ்சு இயக்கம், சிவாஜி கணேசனுக்கு முதற்படம். கதை போர்க்காலத்துக் கதை. இரங்கூனில் வாழும் அண்ணன்மார் மூவர். மதுரையில் தங்கை கல்யாணி. சப்பான் குண்டு வீச்சினால் குடும்பம் சிதறுகிறது. கணவனையும் தந்தையையும் இழந்த தங்கை இட்லி சுட்டுப் பிழைக்கிறாள். சென்னையில் பொருளைப் பறிகொடுத்த இளைய அண்ணன் பித்தன் வேடத்தில் திரிகிறான். அடைக்கலம் என்று நுழைந்த கோயிலில் பூசாரி அவளைச் சூறையாட முனைகிறான். பசியின் கொடுமையில் குழந்தையை ஆற்றில் எறிகிறாள். அவள் கூண்டில் நிற்கிறாள்; பூசாரியைத் தாக்கிய அண்ணனும் கூண்டில் நிற்கிறான்; நீதிபதி நாற்காலியில் இருப்பவனோ மூத்த அண்ணன்.

கதையில் தற்செயல்கள் ஏராளம். அதை மறைப்பானேன்? ஆனால் அந்த நீதிமன்றப் பேச்சின் கட்டமைப்பைக் கவனியுங்கள். சட்டம் கேட்பது 'செய்தாயா, இல்லையா' என்னும் ஒரே கேள்வி. குற்றவாளியோ செய்ததை மறுக்கவில்லை. செயலை ஒப்புக்கொண்டு, குற்றத்தை ஏற்க மறுக்கிறான். பிறந்த கதையிலிருந்து சொல்ல விடுங்கள் என்கிறான். ஓடிய ஓட்டத்தைச் சொல்லி, ஓட வைத்தவர் எவர் என்று கேட்கிறான். கோயிலின் மீது பகையில்லை, அதன் இருட்டில் பதுங்கிய கயவன் மீதே பகை என்று வேறுபடுத்திக் காட்டுகிறான். கேள்விகள் மெல்ல இடம் மாறுகின்றன. தொடக்கத்தில் அவை கூண்டை நோக்கி வருகின்றன. முடிவில் கூண்டிலிருந்து புறப்பட்டு, மண்டபத்தில் இருப்போர் அனைவரையும் சுற்றி வளைக்கின்றன. எதுகையும் மோனையும் இங்கே அணிகலன் மட்டுமல்ல. படிக்கத் தெரியாதவனின் நினைவில் தங்குவதற்கு அவை ஆணி. நம் பெரியவர் எழுபது ஆண்டு கழித்தும் ஒரு சொல் பிசகாமல் சொன்னாரே, அந்த ஆணி அடித்த அடிதான்.

எதிர்ப்பு எழாமல் இருக்குமா? படத்தைத் தடை செய்க என்றார்கள்; தணிக்கைக் கத்தரி மீண்டும் தேவை என்றார்கள். 'பரப்பிரம்மம்' என்று கேலி செய்தது ஓர் ஏடு. அதே பெயரில் நாடகம் எழுதி ஊர் ஊராக நடத்திப் பதில் சொன்னார் கருணாநிதி. அதே ஆண்டில் கலைவாணர் இயக்கிய 'பணம்' படத்துக்கும் அவரே எழுதினார். அதில்தான் தி.மு.க. என்னும் எழுத்துகளைத் திருக்குறள் முன்னேற்றக் கழகம் என்று விரித்து, தணிக்கையாளரின் கண்ணெதிரே கலைவாணர் பாடி நடந்தார். 1953இல் கல்லக்குடிப் போராட்டம், சிறை. எழுதியவரே இப்போது உண்மையான நீதிமன்றத்தில் நின்றார்.

1954இல் 'மனோகரா' வந்தது. பம்மல் சம்பந்த முதலியாரின் பழைய நாடகத்துக்குப் புதிய நாவு கிடைத்தது. சங்கிலியில் கட்டுண்ட மகனைப் பார்த்து அதுவரை பொறுமை பொறுமை என்று சொல்லிவந்த தாய், இனிப் பொறுக்காதே என்று முழங்கும் கட்டத்தைக் கண்ணாம்பா பேசிய பேச்சுக்காகவே மறுமுறை போனவர்கள் உண்டு. அதே ஆண்டின் 'மலைக்கள்ளன்' நாமக்கல் கவிஞரின் புதினம். குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் பெற்ற தமிழ்ப் படம். 'ராஜா ராணி' 1956இல் வந்தது. படத்தின் நடுவே ஓரங்க நாடகமாகச் சாக்ரடீசு வந்து நின்றார், நஞ்சுக் கோப்பையோடு. 1964இல் 'பூம்புகார்', கையில் ஒற்றைச் சிலம்போடு பாண்டியன் அவையில் கண்ணகி.

இங்கே சற்று நிற்போம். குணசேகரன், சாக்ரடீசு, கண்ணகி. காலம் வேறு, நாடு வேறு. ஆனால் மூவரும் நிற்கும் இடம் ஒன்றே. அதிகாரத்தின் முன், தனியாக, வாயைத் தவிர வேறு கருவி இல்லாமல். கருணாநிதி எழுதிய படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால், அவர் வாழ்நாள் முழுவதும் மீண்டும் மீண்டும் எழுதியது ஒரே காட்சியைத்தான் என்று நமக்குத் தோன்றுகிறது. இளங்கோவடிகள் 'வழக்குரை காதை' என்று பெயரிட்ட காட்சி அது.

இந்தக் கண்ணோட்டத்தோடு பார்த்தால் ஒரு குறையும் தென்படும், சொல்லிவிடுவோம். 1969 பிப்ரவரியில் அவர் முதலமைச்சரானார். கூண்டில் நின்று பேசக் கற்ற மொழி, நீதிபதியின் நாற்காலியில் அமர்ந்ததும் என்ன பேசும்? 1972இல் தம் மகன் மு.க. முத்துவுக்காக எழுதிய 'பிள்ளையோ பிள்ளை'யைப் 'பராசக்தி'க்கு அருகில் வைத்துப் பார்ப்பவர் எவரும் இருவேறு கைகள் எழுதியவையோ என்று ஐயுறுவர். பதவி போன பின், எதிர்க்கட்சி வரிசையில் இருந்த 1986இல் 'பாலைவன ரோஜாக்கள்', 1987இல் 'நீதிக்கு தண்டனை'. பழைய கூர்மை திரும்பியது. அடுக்குமொழிக்குக் காது பழகாத புதிய தலைமுறையும் எழுந்து கேட்டது. அவர் எழுத்துக்கு ஆட்சி ஒத்துவரவில்லை, எதிர்ப்பு ஒத்துவந்தது. 2011இல் 'பொன்னர் சங்கர்' வரை அவர் எழுதிக்கொண்டுதான் இருந்தார். 2018 ஆகஸ்டு 7இல் மறைந்தார். மெரினாவில் அண்ணாவின் அருகே அடக்கம் செய்ய அரசு இடம் மறுக்க, இரவில் கூடிய உயர்நீதிமன்றம் மறுநாள் காலை இடம் தந்தது. கடைசி வழக்குரையை அவருக்காகப் பிறர் செய்ய வேண்டியதாயிற்று.

கடற்கரை மக்களின் கதையை அவர் எழுதினாரா? 'பூம்புகார்' கடற்கரை நகரம்தான். ஆனால் அது வணிகரின் நகரம். பட்டினப்பாலையில் நிறைந்து வாழும் பரதவர் படத்தில் ஓரத்தில் நிற்கிறார்கள். அதே 1964இல் மீனவரை நடுவில் நிறுத்திய 'படகோட்டி'யை எழுதியவர் சக்தி டி.கே. கிருஷ்ணசாமி. எனினும் நம் பெரியவருக்கு நெஞ்சில் நின்றது எந்தப் படம்? வலையும் துடுப்பும் வந்த படமல்ல. கூண்டு வந்த படம்.

கேட்ட காதுகள் அந்தப் பேச்சை வைத்துக்கொண்டு என்ன செய்தன என்று கேட்காமல் இந்த வரலாற்றை முடிப்பது நேர்மை ஆகாது. பழவேற்காட்டுக் குப்பங்களில் 'பாடு' என்றொரு முறை உண்டு. ஏரியில் இறால் மிகுதியாகக் கிடைக்கும் இடங்களை எவரும் தனக்கென்று வளைத்துக்கொள்ள முடியாது. சீட்டுக் குலுக்கி, முறை வைத்து, இன்று இவருக்கு, நாளை அவருக்கு என்று பகிர்ந்துகொள்வார்கள். பொதுவுடைமை பேசுவோர் வந்து பார்க்க வேண்டிய ஏற்பாடு. ஆனால் சீட்டில் பெயர் ஏற வேண்டுமானால், அந்தக் குலத்தில் பிறந்து மணமான ஆணாக, ஒரு தலைக்கட்டாக இருக்க வேண்டும். இடுப்பளவு நீரில் அமர்ந்து கையால் தடவி இறால் பிடிக்கும் இருளர் பெண்ணுக்குச் சீட்டு இல்லை. சொந்தக் குலத்துப் பெண்ணுக்கும் இல்லை. கணவன் பெயர் சீட்டில் இருக்கும் வரை அவளுக்குப் பங்கு உண்டு. பெயர் அழிந்தால் பங்கும் அழிந்தது.

நாம் பணியாற்றும் குப்பத்தில் சென்ற ஆண்டு ஒருவர் இறந்தார். மூத்தது பெண், எட்டாம் வகுப்பு. இளையது கைக்குழந்தை, ஆண். மகன் வளரும் வரை கணவனின் முறையைத் தன் பெயரில் விடுங்கள், ஆள் வைத்து வலை போட்டுக்கொள்கிறேன் என்று கேட்க, அந்த அம்மா பஞ்சாயத்து கூடிய இடத்துக்கு வந்து நின்றார். கூடியிருந்த ஆண்கள் முகம் திருப்பிக்கொண்டார்கள். தலைமையில் இருந்தவர் நம் பெரியவர்.

"இது பொம்பள பேசற எடம் இல்லம்மா. ஒன் அண்ணன வரச் சொல்லு" என்றார்.

அன்று மாலை அவரிடம் போனோம். 'பராசக்தி'யில் கூண்டில் ஏறியவர் இருவர் அல்லவா, ஐயா? நாடே மனப்பாடம் செய்தது அண்ணனின் பேச்சை. கல்யாணியின் பேச்சை எவரேனும் சொல்லக் கேட்டதுண்டா என்று கேட்டோம். அவர் நெடுநேரம் வலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்:

"அது சினிமா, வாத்தியாரே. இது ஊரு."

சினம் வந்தது நமக்கு. வீட்டுக்கு வந்து எண்ணிப் பார்த்தபோது, அவரை மட்டும் குறை சொல்வதற்கில்லை என்று பட்டது. கொட்டகையில் கைதட்டிவிட்டு வீட்டில் தாலி கட்டும்போது ஐயரை அழைத்த பட்டதாரிகள் எத்தனை பேரை நாம் அறிவோம்! எழுதியவரும் கதையை எப்படி முடித்தார்? நீதிபதி அண்ணனாக இருந்ததால் கல்யாணிக்கு ஆதரவு கிடைத்தது. அண்ணன் இல்லாத கல்யாணிக்கு என்ன வழி என்பது எழுதப்படாமலே இருக்கிறது.

பள்ளி ஆண்டு விழாவுக்கு அந்த நீதிமன்றக் காட்சியைப் போடுவது என்று முடிவு செய்தோம். பிள்ளைகளுக்கு வேடம் பகிர்ந்தபோது, அந்த அம்மாவின் மகளுக்குக் கல்யாணி வேடம் என்று எழுதினோம். அவள் எழுந்து நின்றாள்.

"எனக்குக் குணசேகரன் வேசம் வேணும் சார்."

கொடுத்தோம். விழா நாளில் முன்வரிசையில் பெரியவர் அமர்ந்திருந்தார்; ஓரத்தில், பெண்கள் பக்கம், அந்த அம்மா. பெண் நன்றாகத்தான் பேசிக்கொண்டு வந்தாள். பாதியில் ஓரிடத்தில் சொல் தடுக்கியது. திரைக்குப் பின்னால் புத்தகத்தோடு நின்ற நாம் பக்கத்தைத் தேடிக்கொண்டிருந்தபோது, முன்வரிசையிலிருந்து பெரியவரின் குரல் அந்த வரியை எடுத்துக் கொடுத்தது. அவள் அவரைப் பார்த்தபடியே மீதியைப் பேசி முடித்தாள்.

பாட்டுக்கான மனு இன்னும் தீரவில்லை. அடுத்த குலுக்கலின்போது அந்த அம்மாவே வந்து சொல்லலாம் என்று பஞ்சாயத்தில் பேசியிருக்கிறார்கள்.